இடுப்புக்கு மேல் மட்டும் தெரிந்தவள்

ஒரே வீட்டில் இருந்துகொண்டே டோரிக்கா கசோண்டே அடிக்கடி வீடு மாறிக்கொண்டிருப்பாள். கட்டில் ஜன்னலோரத்துக்குப் போகும். அலமாரி ஒரு சுவரை விட்டு எதிர்ச் சுவருக்கு நகரும். அவள் கணவர் லாசரஸ் சிம்பேயே ஒருநாள் வேலை முடிந்து வந்து, நேற்று நாற்காலி இருந்த இடத்தில் உட்காரப் போய்த் தரையில் விழுந்தார். அந்தக் கதையை வூசாக்கிலே குடியிருப்பு முழுவதும் சொல்லிச் சிரித்தார்கள். சுரங்கக் கம்பெனி கொடுத்த வீடு அது, இரண்டே அறைதான். அதற்குள் மாற்றி மாற்றி வைக்க எத்தனை வழி உண்டோ அத்தனையையும் அவள் பார்த்துவிட்டாள். எல்லாம் தீர்ந்துபோனால் கதவைத் திறந்துவைத்துக்கொண்டு நிலைப்படியில் நிற்பாள். உள்ளேயும் இருக்க மாட்டாள், வெளியேயும் போக மாட்டாள்.

நான் அவளை முதலில் பார்த்தது சுரங்கத் தொழிலாளர் நலமன்றக் கூடத்தில். அப்போது இந்த நாட்டுக்கு வட ரொடீசியா என்று பெயர். நான் அந்தக் கூடத்தில் சினிமாப் படம் ஓட்டுகிறவன், பெயர் சக்காலா, கிழக்கிலிருந்து பிழைக்க வந்த ந்கோனி. அவள் பெம்பா. எங்கள் இரண்டு கூட்டத்துக்கும் பாட்டன் காலத்துச் சண்டை ஒன்று உண்டு. ஈட்டியெல்லாம் போய்விட்டது, கேலி மட்டும் மிஞ்சியிருக்கிறது. ஒரு ந்கோனியும் ஒரு பெம்பாவும் சந்தித்தால் ஒருவரையொருவர் திட்டிக்கொள்ளாவிட்டால்தான் மரியாதைக் குறைவு. என் பெயரைக் கேட்டதும் அவள் முகத்தை நேராக வைத்துக்கொண்டு கேட்டாள்.

“மத்தியானச் சாப்பாட்டுக்கு எலி கொண்டாந்திருக்கியா, இல்ல இங்கேயே பிடிச்சுக்குவியா?”

“இங்க குரங்குக் கறி கிடைக்கும்னு சொன்னாங்க முத்தாலே அம்மா. அதான் வெறுங்கையோட வந்தேன்” என்றேன். முத்தாலே அவளுடைய மகள், அங்கே தாயை மகள் பெயரால் கூப்பிடுவது வழக்கம். கைக்குழந்தை, அப்போது அவள் முதுகில் தூங்கிக்கொண்டிருந்தாள். அன்றிலிருந்து எனக்கும் டோரிக்காவுக்கும் நட்பு.

அன்று அவள் பாட வந்திருந்தாள். ‘டே ஷிப்ட்’ என்று ஒரு குழு. கிதார் வாசிக்கும் பெசாதான் தலைவன், பாட்டுக் கட்டுகிறவனும் அவனே. பகல் ஷிப்டில் வேலை பார்க்கிறவர்களாகச் சேர்ந்ததால் அந்தப் பெயர். பெசா ஒல்லி, எப்போதும் தொப்பி. நாலு பேர் பேசுவதைப் பக்கத்தில் நின்று கேட்டால் மறுநாள் அதைப் பாட்டாக்கிவிடுவான். யாரைப் பற்றிப் பாடினானோ அந்த ஆளும் எழுந்து ஆட வேண்டிவரும், அப்படி இருக்கும் தாளம்.

முன்வரிசையில் நின்று பாடியது டோரிக்கா. ‘நின்று’ என்று சொன்னது தப்பு. மேடையில் ஒரு வரிதான் பாடுவாள், அடுத்த வரிக்குள் கீழே இறங்கிவிடுவாள். மேசைகளுக்கு நடுவே நடப்பாள், யார் தோளிலாவது கை வைப்பாள், யார் தட்டிலிருந்தாவது வேர்க்கடலையை எடுத்து வாயில் போட்டுக்கொள்வாள், கடைசி வரி வரும்போது வாசல் பக்கம் இருப்பாள். அகலமான பெல்ட் போட்ட கவுன், குதிகால் செருப்பு. மைக் இல்லாமலேயே கூடத்தின் கடைசிச் சுவர்வரை குரல் கேட்கும். கொஞ்சம் கரகரத்த குரல்.

அவர்களைப் பெரிய ஆட்களாக்கியது ஒரு பாட்டு. வேலையிலிருந்து வரும் புருஷன் பெண்டாட்டியிடம் ஒரு வார்த்தை பேசாமல் நேரே அடுப்படிக்குப் போய்ப் பானையைத் திறந்து பார்க்கிறான். அவ்வளவுதான் விஷயம்.

‘வாசல்ல நின்னு பூட்ஸைக் கழட்டு,
வந்ததும் பானையைத் திறக்காதே,
பானைக்கா தாலி கட்டி வந்தே,
பக்கத்தில் நிக்கிறேன், தெரியலையா?’

பெம்பாவில் பாடியதைப் பெயர்த்துச் சொன்னால் ஏறத்தாழ இப்படி வரும். ஊர் ஊராக வந்த வானொலி ஒலிப்பதிவு வண்டி அதைப் பிடித்துக்கொண்டு போனது. பிறகு எங்கே பார்த்தாலும் அதே பாட்டு. வீட்டுக்கு வீடு, அப்போது மலிவாகக் கிடைத்த நீல வட்ட ரேடியோவில் அவள் குரல் கேட்டது. ந்டோலா, லுவான்ஷா, முஃபுலிரா என்று காப்பர்பெல்ட்டின் தாமிரச் சுரங்க ஊர்களுக்கும், ரயிலேறி புலவாயோ வரைக்கும் குழு போய் வந்தது. ஆண்களைக் கிண்டல் செய்யும் பாட்டுக்கு ஆண்கள்தான் அதிகம் ஆடினார்கள்.

ஊர் சுற்றிவிட்டு வந்தால் இரண்டு நாள் நன்றாக இருப்பாள். மூன்றாம் நாள் கட்டிலை இழுக்கும் சத்தம் கேட்கும். லாசரஸ் நல்ல மனிதர். சுரங்கத்தில் நேரக் கணக்கு ஆபீஸில் கிளார்க், அதிர்ந்து பேச மாட்டார். பெண்டாட்டி பாடப் போவதைப் பற்றிச் சொந்தக்காரர்கள் முணுமுணுத்தபோது அவர்தான் அவளை ரயிலேற்றிவிட்டு வந்தார்.

ஒருமுறை படம் முடிந்து நான் ரீலைச் சுற்றிக்கொண்டிருந்தபோது வந்து என் எதிரில் நின்றாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை. பெட்டிகளின் மேல் எழுதியிருந்ததையெல்லாம் ஒவ்வொன்றாகப் படித்தாள். பிறகு சொன்னாள்.

“அந்தப் பாட்டை ஆரம்பிச்சா அது தானா ஓடுது சக்காலா. நான் வாயை மட்டும்தான் திறக்குறேன். நேத்து பாடும்போது வெங்காயம் தீர்ந்துபோச்சேன்னு நினைச்சிட்டிருந்தேன். ஒருத்தனுக்கும் தெரியல. எல்லாரும் ஆடினாங்க.”

வேறு பாட்டு பாட வேண்டியதுதானே என்றேன். பாடிப் பார்த்ததாகவும், இரண்டாவது வரிக்குள் கூட்டம் ‘பானை, பானை’ என்று தட்ட ஆரம்பித்துவிடுகிறது என்றும் சொன்னாள்.

எங்கள் ஊரான கிட்வேக்குத் தொலைக்காட்சி வந்தபோது நான் அங்கே விளக்கு வேலைக்குச் சேர்ந்தேன், பிறகு காமிராவுக்கு மாறினேன். முதலில் அது வெள்ளைக்காரர்களின் வரவேற்பறைக்காக வந்த பெட்டி. சுதந்திரம் வந்து நாடு ஜாம்பியா ஆன பிறகு, பெம்பாவில் பேசி நிகழ்ச்சி நடத்த ஆள் தேடினார்கள். டோரிக்காவிடம் சொன்னேன். பாடுவதற்கா என்று கேட்டாள். இல்லை, பேச என்றேன். முத்தாலேயைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு அப்போதே கிளம்பிவிட்டாள்.

தேர்வு வைத்தவர் தயாரிப்பாளர் ஹாலம். ஆங்கிலேயர், வெயிலில் சிவந்துபோகிற முகம், நியாயமான மனிதர். ஒரு தாளைக் கொடுத்துப் படிக்கச் சொன்னார். சுமாராகத்தான் படித்தாள். பாதியில் தாளைக் கவிழ்த்து வைத்துவிட்டு, இந்தச் செய்தியில் விஷயமே இல்லை, இதை எழுதியவரைக் கூட்டி வந்தால் நானே கேட்டுச் சொல்கிறேன் என்றாள். ஹாலமுக்கு அது பிடித்துப்போனது.

பெசாவுக்குப் பிடிக்கவில்லை. அவன் கோபப்பட்டுக் கத்துவான் என்று அவள் எதிர்பார்த்துப் போயிருக்கிறாள். அவன் கிதாரின் கம்பியை முறுக்கிக்கொண்டே மெதுவாகப் பேசினானாம்.

“ஒரு இடத்துல நிக்க மாட்டேன்னு கூடம் பூரா நடந்தியே, அதுக்குத்தான் நான் பாட்டு கட்டினேன். நீ நடக்குற நடைக்கு. இப்ப அங்க போயி ஒரு நாற்காலியில உக்காரப் போறியா?”

“உக்காந்துதான் பாக்குறேனே” என்று சொல்லிவிட்டு வந்தாள். அத்தோடு ‘டே ஷிப்ட்’ கலைந்தது.

சாயங்கால நிகழ்ச்சி. ஒரு மேசை, மேசைக்குப் பின்னால் டோரிக்கா, எதிரில் ஒரு விருந்தாளி. மருத்துவச்சி வருவாள், கால்பந்துக்காரன் வருவான், குலத் தலைவரின் அவையிலிருந்து ஒரு பெரியவர் வருவார், அரசாங்க அதிகாரிகள் வருவார்கள். எல்லாம் நேரடி ஒளிபரப்பு. அவள் நடத்திய விதம் யாரும் சொல்லிக் கொடுத்ததல்ல, அவளுடைய பொறுமையின்மைதான். ஒருவர் சொன்னதையே திரும்பச் சொன்னால் ‘அது சொல்லியாச்சு ஐயா, அப்புறம்?’ என்பாள். ஒரு துணை அமைச்சர் கிணறு வெட்டுவதைப் பற்றி நீட்டிக்கொண்டே போனபோது, ‘தண்ணி வந்துச்சா?’ என்று கேட்டுவிட்டாள். வரவில்லை என்றார் அவர். மறுநாள் ஊரெல்லாம் அதே பேச்சு.

தனித்தனியாகப் பெட்டி வைத்திருந்தவர்கள் கொஞ்சம் பேர்தான். நலமன்றக் கூடத்தில் உயரமாக ஒரு தட்டு அடித்து அதன்மேல் பெட்டியை வைத்திருந்தார்கள். கூட்டம் அங்கே நின்று பார்க்கும். முன்பு அவள் எந்த மேசைகளுக்கு நடுவே நடந்தாளோ அதே இடம்.

இப்போது அவள் எல்லோர் தலைக்கும் மேலே, கறுப்பு வெள்ளையில், இடுப்புவரை இருந்தாள். எங்களிடம் விளக்குகள் குறைவு. வெளிச்சம் விழுகிற இடம் அந்த மேசை மட்டும்தான். அவள் நகர்ந்தால் இருட்டு. அதனால் நகரக் கூடாது என்பது விதி. காமிராவுக்கு இந்தப்பக்கம் நின்ற எனக்குத்தான் தெரியும், மேசைக்குக் கீழே அவள் கால்கள் இரண்டும் ஓடிக்கொண்டே இருக்கும். செருப்பைக் கழற்றுவாள், மாட்டுவாள், ஒரு காலால் இன்னொரு காலைச் சொறிவாள், தாளம் போடுவாள். மேசைமேல் தண்ணீர் டம்ளர் நடுங்கி, ஹாலம் உள்ளறையிலிருந்து என் காதுக்கருவி வழியே ‘அது என்ன அதிர்வு?’ என்று கேட்பார். கடைசியில் டம்ளரை எடுத்துவிட்டார்கள்.

இந்தச் சமயத்தில்தான் பெசா புதுப் பாட்டு கட்டினான். தனியாக, கிதாரும் அவனுமாக, பீர் கூடம் பீர் கூடமாகப் போய்ப் பாடினான்.

‘பெட்டிக்குள்ள ஒரு பொம்பள,
இடுப்புக்கு மேலதான் இருக்குறா,
கால் ரெண்டையும் எங்க வச்சா,
காப்பர்பெல்ட்டுல யாராச்சும் பாத்தீங்களா?’

காட்டுத்தீ போலப் பரவியது என்று சொல்ல மாட்டேன், அதைவிட வேகமாகப் பரவியது. குழந்தைகள் நிஜமாகவே நம்பின. பெட்டிக்குப் பின்னால் போய் எட்டிப் பார்த்தன. முத்தாலேயைப் பள்ளிக்கூடத்தில், ‘உங்கம்மாவை ராத்திரி யாரு தூக்கிட்டு வருவா?’ என்று கேட்டார்கள். அவள் அழுதுகொண்டு வந்தாள். டோரிக்கா மகளுக்கு முகம் கழுவிவிட்டு, எல்லாம் வெறும் பாட்டு என்றாள். ஆனால் அன்றிலிருந்து அவளால் சோளக்களியை முழுதாக ஒரு வாய் உட்கார்ந்து தின்ன முடியவில்லை. தட்டைக் கையில் வைத்துக்கொண்டு வீட்டுக்குள் சுற்றிச் சுற்றித் தின்றாள் என்று லாசரஸ் என்னிடம் வருத்தப்பட்டார்.

ஒரு சனிக்கிழமை சந்தையில் கருவாடு வாங்க நின்றிருக்கிறாள். விற்கிற அம்மாள் இவளை மேலும் கீழும் பார்த்தாள். பிறகு ரொம்ப இயல்பாக, முளைக்கீரைக் கட்டை விலக்கிப் பார்ப்பதுபோல, இவள் இடுப்பில் சுற்றியிருந்த சித்தெங்கே துணியின் ஓரத்தைப் பிடித்து முழங்கால்வரை தூக்கிப் பார்த்தாள்.

“இருக்குடி, ரெண்டும் இருக்கு” என்று பக்கத்துக் கடைக்காரியிடம் சொன்னாள். இரண்டு பேரும் சந்தோஷமாகக் கைதட்டிக்கொண்டார்கள். கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது. கருவாட்டில் கூடுதலாக ஒரு கை அள்ளிப் போட்டாள் அந்த அம்மாள்.

சாயங்காலம் நிலையத்துக்கு வந்தபோது டோரிக்கா நேரே மேசைக்குப் போய் உட்கார்ந்தாள். நான் எலிக்கதை ஒன்றை ஆரம்பித்தேன், அவள் திட்டவில்லை. அப்போதே எனக்குச் சரியாகப் படவில்லை. அன்றைய விருந்தாளி ஒரு பள்ளி ஆய்வாளர். அவர் பேச ஆரம்பித்துக் கொஞ்ச நேரத்தில் டோரிக்கா எழுந்தாள். மேசையைச் சுற்றிக்கொண்டு முன்னால் வந்தாள். செருப்பு இல்லை, வெறுங்கால். ஹாலம் என் காதில், ‘எங்கே போகிறாள், அவளை விடாதே, இல்லை, ஆய்வாளரைக் காட்டு’ என்றார். நான் எதைக் கேட்பது? பிரேக்கைத் தட்டிவிட்டேன். காமிரா வண்டி தடித்த கேபிளை இழுத்துக்கொண்டு அவள் பின்னால் உருண்டது. அவள் ஆய்வாளரின் பின்பக்கமாகப் போனாள், சுவரோரம் போனாள், பாதி இருட்டில் போனாள், மறுபக்கம் வெளிச்சத்துக்கு வந்தாள். நடந்துகொண்டே கேள்வி கேட்டாள். பாவம், அந்த மனிதர் கழுத்தைத் திருப்பித் திருப்பிப் பதில் சொன்னார். தலையிலிருந்து கால் விரல்வரை முழு உருவம் காப்பர்பெல்ட் முழுக்கத் தெரிந்தது.

நிகழ்ச்சி முடிந்ததும் ஹாலம் எங்கள் இருவரையும் நிற்கவைத்துத் திட்டினார். மறுவாரம் கூடுதலாக இரண்டு விளக்கு வரவழைத்து, தரையில் அவளுக்கென்று ஒரு பாதையைச் சுண்ணக்கட்டியால் வரைந்து கொடுத்தார். அவள் அந்தப் பாதையிலும் நடக்கவில்லை.

பெசாவின் பாட்டு அதோடு செத்திருக்க வேண்டும். சாகவில்லை, அவன் புதிதாக இரண்டு வரி சேர்த்துக்கொண்டான். அதைக் கேட்டுவிட்டு வந்து லாசரஸ் முதல்முறையாகக் கோபப்பட்டார், போய் அவனை அடிப்பேன் என்றார். டோரிக்கா அவரைத் தடுத்தாள். அடுத்த வாரம் ஹாலமிடம் போய், அந்தப் பாட்டுக்காரனை நிகழ்ச்சிக்குக் கூப்பிட வேண்டும் என்றாள்.

அவன் வருவான் என்று நான் நினைக்கவில்லை. வந்தான். தொப்பியைக் கழற்றியிருந்தான், முன்மண்டை வழுக்கை அன்றுதான் எனக்குத் தெரிந்தது. கல்யாணத்துக்குப் போட்ட கோட்டாக இருக்க வேண்டும், தோளில் இறுக்கிப் பிடித்தது. இருவரும் குசலம் விசாரித்துக்கொண்டார்கள். அவன் தாயாரின் கால்வலியைப் பற்றி அவள் கேட்டாள். அவன் முத்தாலே எந்த வகுப்பு என்று கேட்டான். பிறகு விளக்கு எரிந்தது.

அன்று அவள் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்தாள். கால்கூட ஆடவில்லை.

ஊரில் எல்லோரும் பாடுகிற பாட்டு ஒன்றை இவர் கட்டியிருக்கிறார், நம் நேயர்களுக்காகப் பாடுவார் என்று அறிமுகம் செய்தாள். அவன் பாடினான். நன்றாகவே பாடினான், விரல் கம்பியில் துள்ளியது. பெட்டிக்குள் பொம்பளை, இடுப்புக்கு மேலே, கால் இரண்டும் எங்கே என்று வந்துகொண்டிருந்தது. நலமன்றக் கூடத்தில் அந்த நேரம் ஜனங்கள் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் நின்றார்களாம். அந்த இடம்வரை பாடிவிட்டு, கிதாரில் ஒரு தட்டுத் தட்டி நிறுத்திக்கொண்டான்.

“அவ்வளவுதான்” என்றான்.

“இல்லையே, இன்னும் ரெண்டு வரி இருக்கு” என்றாள் டோரிக்கா.

“அது பீர் கூடத்துக்கு. இங்க வேண்டாம்.”

“அங்க அதுக்குத்தான் கைதட்டுன்னு கேள்விப்பட்டேன். நீங்க கிதாரை வாசிங்க.”

அவன் அவளையே பார்த்தான். அவர்கள் சேர்ந்து பாடிய காலத்தில் ஒருநாளும் அவனை அவள் ‘நீங்க’ என்று சொன்னதில்லை. அவன் கை தானாக வாசிக்க ஆரம்பித்தது. அவள் பாடினாள்.

‘வூசாக்கிலே ரோட்டில் விட்டுட்டுப் போனா,
நாய் ரெண்டு கவ்விட்டுப் போயாச்சு.
புருஷன் பாவம், பாதிப் பெண்டாட்டி,
பாயில பாதி காலியாச்சு.’

இரண்டு வரி என்றாள், நாலாகப் பாடிவிட்டாள். கடைசி இரண்டும் இவளாகச் சேர்த்தது என்று முதலில் நினைத்தேன். இல்லை, அதுவும் பெசாவுடையதுதான் என்று பிறகு சொன்னார்கள். குரல் அப்படியே இருந்தது, அந்தக் கரகரப்பு, அந்த வீச்சு. கோபமாகப் பாடியிருந்தால் எங்களுக்குச் சுலபமாக இருந்திருக்கும். நல்ல பாட்டை எப்படிப் பாட வேண்டுமோ அப்படிப் பாடினாள். பெசா வாசித்து முடித்தான். அவன் கண் கலங்கியிருந்தது. நான் காமிராவை அவன் முகத்திலிருந்து கிதாருக்கு இறக்கினேன்.

“பாட்டு நல்லாக் கட்டுறீங்க. அடுத்தது யாரைப் பத்தி?” என்று கேட்டாள் அவள்.

“தெரியல” என்றான்.

வெளியே முற்றத்தில், அவன் கிதாரைத் துணிப்பையில் போட்டுக்கொண்டிருந்தபோது டோரிக்கா வந்தாள், நான் பக்கத்தில் இருந்தேன். உன் குரல் இப்பவும் அப்படியே இருக்கு, அப்புறம் ஏன் விட்ட என்று கேட்டான். கேலியாக இல்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்டான்.

“தெரிஞ்சா சொல்ல மாட்டேனா?” என்றாள். அந்த முற்றத்திலேயே அங்கும் இங்கும் நடந்தாள். “பாடும்போது, இது முடிஞ்சதும் எங்கயோ போகப் போறோம்னு தோணிட்டே இருக்கும் பெசா. முடியும். எங்கயும் போக இருக்காது. திரும்பவும் அதையே பாடச் சொல்வாங்க.”

“இங்க?”

“இங்கயும் அப்படித்தான். ஆனா ஆளாவது மாறி மாறி வர்றாங்க.”

அதன்பிறகு அவன் அந்தப் பாட்டைப் பாடவில்லை. மக்கள் கேட்டால், அது அந்தம்மாவோட பாட்டு, அவங்களைப் போய்க் கேளுங்க என்றானாம். பின்னால் அவன் ஒரு ஹோட்டலில் நிரந்தரமாக வாசித்தான், அங்கேயே நல்ல பெயரோடு காலம் கழித்தான்.

டோரிக்காவின் புகழ் அந்த வாரத்திலிருந்து இரண்டு மடங்கானது. அதற்காக அவள் அமைதியாகிவிட்டாள் என்று நினைக்க வேண்டாம். தலைநகர் லுசாக்காவில் பெரிய நிலையம் வந்தது. எங்களில் பலரை அங்கே மாற்றினார்கள். எனக்குப் போக மனமில்லை, அவளுக்கு உத்தரவு வருவதற்கு முன்பே பெட்டி கட்டியாகிவிட்டது. லாசரஸால் போக முடியாது. அவர் வேலைதான் வீடு. வேலையை விட்டால் அன்றே வீட்டையும் விட வேண்டும்.

அவர்கள் பேசிக்கொண்டதை அவரே என்னிடம் சொன்னார். “இங்க என்ன குறை, எங்கிட்ட என்ன குறைன்னு கேட்டேன் சக்காலா. ஒரு குறையும் இல்லன்னா. அடிச்சதால போறா, திட்டினதால போறான்னா ஊர்ல சொல்லலாம். குறையே இல்லாம போறவளை நான் என்ன பண்றது?” அவர் குரலில் கோபம் இல்லை. தப்பான விடை வந்த கணக்கை மறுபடி கூட்டிப் பார்ப்பவர்போல இருந்தது அவர் முகம்.

முத்தாலே அம்மாவோடு போனாள். விடுமுறைக்கு ரயிலில் வருவார்கள். முதலில் மாதம் ஒருமுறை வந்தார்கள், பிறகு மழைக்காலத்துக்கு ஒருமுறை. சில வருஷத்தில் லாசரஸ் தன் சொந்த ஊர்ப் பக்கத்திலிருந்து இன்னொரு பெண்ணைக் கட்டிக்கொண்டு வந்தார். பெரியவர்கள் உட்கார்ந்து பேசி முறையாக முடித்துவைத்தார்கள். டோரிக்கா வந்தாள். புதுப் பெண்ணிடம் அடுப்பு எந்தப் பக்கம் புகையும், எந்த ஜன்னல் மழைக்கு ஒழுகும் என்றெல்லாம் சொல்லிக் கொடுத்தாள். கிளம்பும்போது லாசரஸ் அவளை ரயிலடிவரை கொண்டுபோய் விட்டார். பிளாட்பாரத்தில் வண்டி நகர்ந்த பிறகு தானும் கொஞ்ச தூரம் கூடவே நடந்ததாகச் சொன்னார்.

லுசாக்காவில் அவள் ராணிபோல இருந்தாள் என்று கேள்விப்பட்டேன். நாடு முழுக்கத் தெரிந்த முகம். காமிராவை வெளியே எடுத்துக்கொண்டு போகலாம் என்று ஆனபோது முதலில் கிளம்பியவள் அவள்தான். மீனவர் கிராமம், ரயில் பாதை போடும் முகாம், எல்லைச் சாவடி என்று அலைந்தாள். அந்தச் சில வருஷங்களில்தான் அவள் முகத்தில் ஏதோ தணிந்திருந்ததாக எனக்குத் தோன்றியது. அப்போதும் நேரில் பார்க்கவில்லை, பெட்டியில்தான் பார்த்தேன்.

பிறகு அவளுக்குப் பதவி உயர்வு கொடுத்தார்கள். தனி அறை, கதவில் பெயர், பெரிய மேசை. இளையவர்கள் வெளியே போவார்கள், அவள் யாரை எங்கே அனுப்புவது என்று முடிவு செய்ய வேண்டும். மரியாதையாகத்தான் கொடுத்தார்கள், யாரையும் குற்றம் சொல்ல முடியாது. மழை தொடங்கும்போது அந்த அறைக்குப் போனாள், மழை விடுவதற்குள் ராஜினாமா செய்துவிட்டாள். சொந்தக்காரர்கள் தலையில் அடித்துக்கொண்டார்கள்.

நான் அவளைக் கடைசியாக நேரில் பார்த்தது கபிரி ம்போஷியில். வடக்கு ரோடும் காப்பர்பெல்ட் ரோடும் பிரிகிற இடம், எந்நேரமும் லாரியும் புழுதியும். அக்கா மகள் கல்யாணத்துக்காக நான் பஸ்ஸுக்கு நின்றிருந்தேன். ஒரு பழைய லாரி வந்து நின்றது. பின்னால் மூட்டை மூட்டையாகக் கபெந்தா மீன், ம்புலுங்கு ஏரிக்கரையிலிருந்து வருகிற கருவாடு. நாற்றம் ஊரைத் தூக்கியது. ஓட்டுநர் இருக்கையிலிருந்து தலைத்துணியைச் சரிசெய்துகொண்டே அவள் இறங்கினாள். இடுப்பு பெருத்திருந்தது. முன்பல் ஒன்று இல்லை.

“எலி தின்னி, இன்னும் உசுரோடதான் இருக்கியா?” என்றாள்.

“உன் லாரி வாசத்துல இப்பத்தான் செத்தேன்” என்றேன்.

டீக்கடையில் நின்றபடியே டீ குடித்தோம். வேலையை விட்டபோது வந்த பணத்தில் லாரி வாங்கியதையும், முத்தாலே கபுவேயில் நர்ஸாக இருப்பதையும் சொன்னாள். டயர் விலையைப் பற்றியும், சாம்பேசி பாலத்துக்குப் பக்கத்தில் வண்டி உருண்டு பிழைத்ததைப் பற்றியும் சொன்னாள். ஏரியில் பொழுது விடிகிறபோது ராத்திரி விளக்கு வைத்து மீன் பிடித்த படகுகள் திரும்பி வருவதை நான் ஒருதடவை வந்து பார்க்க வேண்டும் என்றாள். டீக்கடைக்காரர் அவளைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்துவிட்டு, எங்கேயோ பார்த்தமாதிரி இருக்கு என்றார். எல்லாரும் அப்படித்தான் சொல்றாங்க என்று சொல்லிவிட்டு டம்ளரை வைத்தாள். பாதி டீ மிச்சம் இருந்தது.

“இது நல்லா இருக்கா?” என்று கேட்டேன். இத்தனை வருஷத்தில் அவளிடம் நேராக அப்படிக் கேட்டதில்லை.

“ஓடிட்டிருக்கும்போது நல்லா இருக்கு” என்றாள். “மூட்டையை இறக்கிவச்சிட்டு, அடுத்த லோடு எப்பன்னு காத்திருக்குற நேரம்தான் கஷ்டம். அந்த நேரத்துக்கு என்ன பண்றதுன்னு எனக்கு இன்னும் தெரியல.”

அதைச் சொன்னபோது அவள் விளையாடவில்லை. நான் ஏதாவது சொல்வேன் என்று ஒரு நிமிஷம் நின்றாள். என் பஸ் வந்தது, அவள் என் பையைத் தூக்கிக் கொடுத்தாள்.

கண் மங்கிய பிறகு லாரியை விற்றுவிட்டாள். இப்போது கபுவேயில் மகள் வீட்டில் இருக்கிறாள். போன வாரம் முத்தாலே போன் செய்திருந்தாள். சாயங்காலமானால் அம்மா பஸ் நிலையத்துக்கு நடந்து போகிறாளாம். எங்கேயும் ஏறுவதில்லை. வடக்கே போகிற வண்டிகளெல்லாம் கிளம்பும்வரை நின்று பார்த்துவிட்டு, கண்டக்டர்களிடம் வாய் கொடுத்துவிட்டுத் திரும்புகிறாளாம்.

“கால் வீங்கிடுது சித்தப்பா. நீங்க சொன்னா கேப்பாங்க. வீட்டுல கொஞ்சம் உக்காரச் சொல்லுங்களேன்” என்றாள்.

சரி, பேசுகிறேன் என்றேன். போனை அவளிடம் கொடு என்றேன். அம்மா வெளியே போயிருப்பதாக முத்தாலே சொன்னாள்.